‘லேக்’ இல்லாத இணைப்பு சாத்தியமா? நாமக்கல் மண்ணிலிருந்து குவாண்டம் வரை ஒரு பார்வை

2023 ஆகஸ்ட் 23, மாலை 6.04 மணி. நிலவின் தென்துருவத்துக்கு அருகே விக்ரம் லேண்டர் தரை தொட்டது. பெங்களூருவில் இஸ்ரோவின் கட்டுப்பாட்டு அறையில் கைதட்டல் அதிர்ந்தது. டிவியிலும் மொபைலிலும் ‘லைவ்’ பார்த்தவர்கள், அந்த நொடியைத் தாங்களும் நேரில் பார்த்துவிட்டதாகவே நினைத்தார்கள்.

உண்மையில் பூமியில் இருந்த யாருமே அந்த நொடியைப் பார்க்கவில்லை. நிலவு சராசரியாக 3.84 லட்சம் கி.மீ. தூரத்தில் இருக்கிறது. ரேடியோ அலை அங்கிருந்து இங்கு வர சுமார் 1.3 நொடி ஆகும். விஞ்ஞானிகள் திரையில் பார்த்தது 1.3 நொடிப் பழசு. அதைப் பார்த்துவிட்டு ஒரு கட்டளை அனுப்பினால், அது போய்ச் சேர இன்னொரு 1.3 நொடி.

“வெறும் 2.6 செகண்ட்தானே, அதுல என்ன ஆயிடப் போவுது?” என்று தோன்றலாம். இறங்கத் தொடங்கியபோது லேண்டரின் வேகம் நொடிக்கு சுமார் 1.68 கி.மீ. அந்த 2.6 நொடியில் அது 4 கி.மீ.க்கு மேல் போயிருக்கும். சேலம் ஜங்ஷனில் “பிரேக் போடுங்க” என்று கத்தினால், வண்டி புது பஸ் ஸ்டாண்டு பக்கம் போன பிறகுதான் டிரைவர் காதில் விழும் என்கிற மாதிரி.

அதனால் கடைசிக் கட்டத்தில் பெங்களூருவிலிருந்து யாரும் லேண்டரை ‘ஓட்ட’வில்லை. எங்கே இறங்குவது, எவ்வளவு வேகம் குறைப்பது என்பதை லேண்டரே முடிவு செய்தது. அப்படி விட வேண்டுமென்றால் எல்லா ஒத்திகையையும் பூமியிலேயே முடித்திருக்க வேண்டும். அதற்கு நிலவின் மண் மாதிரியே ஒரு மண் வேண்டும்.

அந்த மண் கிடைத்த இடம் நாமக்கல் மாவட்டம். சித்தம்பூண்டி, குன்னமலை பகுதிகளில் அனார்த்தசைட் என்ற வெண்மை கலந்த பாறை இருக்கிறது. நிலவின் மேட்டு நிலங்களில் இருப்பதும் இதே வகைப் பாறைதான். சேலம் பெரியார் பல்கலைக்கழகப் புவியியல் துறையின் உதவியோடு இந்தப் பாறை எடுக்கப்பட்டு, தேவையான பதத்துக்குப் பொடியாக்கப்பட்டு, டன் கணக்கில் பெங்களூரு போனது. லேண்டரும் ரோவரும் அந்த மண்ணில் சோதிக்கப்பட்டன.

இங்கேதான் ஒரு கேள்வி வருகிறது. இந்த 1.3 நொடித் தாமதமே இல்லாமல் ஓர் இணைப்பு இருந்தால்? நினைத்த மாத்திரத்தில் அங்கே போய்ச் சேரும் ஒரு செய்தி? அது வெறும் கதையா, இல்லை அறிவியலில் அதற்கு இடம் இருக்கிறதா?

கதையில் கிடைத்த கருவி

இந்த ஆசைக்கு ஒரு பெயரே இருக்கிறது: ‘ஆன்சிபிள்’. அமெரிக்க எழுத்தாளர் உர்சுலா கே. லெ குவின், 1966-இல் வெளியான ‘ரோகனன்ஸ் வேர்ல்டு’ நாவலில் இந்தச் சொல்லை உருவாக்கினார். எவ்வளவு தூரமாக இருந்தாலும் கொஞ்சமும் தாமதமில்லாமல் செய்தி அனுப்பும் கருவி அது. பிறகு வேறு பல எழுத்தாளர்களும் தங்கள் கதைகளில் இந்தப் பெயரையே எடுத்துக்கொண்டார்கள்.

அந்தக் கருவிக்குப் பின்னால் இருக்கும் கற்பனை அறிவியலை அவர் 1974-இல் வந்த ‘தி டிஸ்பொசஸ்டு’ நாவலில் விரித்து எழுதினார். அனாரெஸ், உர்ராஸ் என்று ஒன்றையொன்று சுற்றும் இரண்டு உலகங்கள். அனாரெஸில் பிறந்த ஷெவெக் என்ற இயற்பியலாளர், காலத்தைப் பற்றிய ஒரு புதிய கோட்பாட்டைத் தேடுகிறார். நிகழ்வுகள் ஒன்றன்பின் ஒன்றாக நடப்பதையும், எல்லாம் ஒருசேர இருப்பதையும் ஒரே கணக்கில் கொண்டுவருவதுதான் அவர் வேலை. அந்தக் கணக்கு கிடைத்தால் ஆன்சிபிள் செய்யலாம்.

கதையின் சிக்கல் கணக்கில் மட்டும் இல்லை. அதை யார் வைத்துக்கொள்வது என்பதிலும் இருக்கிறது. உர்ராஸின் அரசு அதைத் தனக்கே சொந்தமாக்கப் பார்க்கிறது. ஷெவெக் அதை ஒருவர் கையில் கொடுக்காமல் எல்லா உலகங்களுக்கும் ஒரே நேரத்தில் ஒலிபரப்பச் சொல்கிறார். இந்த ‘யார் கையில்’ என்ற கேள்வி கடைசியில் நம் ஊர் வரை வரப்போகிறது.

தடை எங்கே?

நாமக்கல்லில் முட்டை கொள்முதல் விலை அறிவிக்கப்பட்டதும் அது வாட்ஸ்ஆப் குழுக்களில் பறக்கிறது. சேலத்துக்கும் நாமக்கல்லுக்கும் நேர்கோட்டில் சுமார் 50 கி.மீ. கண்ணாடி இழைக் கேபிளுக்குள் ஒளி நொடிக்கு சுமார் 2 லட்சம் கி.மீ. போகும். அப்படியென்றால் ஒரு நொடியின் நாலாயிரத்தில் ஒரு பங்கு போதும். கண் இமைக்கும் நேரத்துக்குள் அந்தச் செய்தி நூறு தடவைக்கு மேல் போய்வந்துவிடலாம். நம் கண்ணுக்கு அது ‘உடனே’தான்.

தூரம் கூடும்போதுதான் குட்டு வெளிப்படும். செயற்கைக்கோள் வழியாக நேரலையில் பேசும் செய்தியாளர், ஸ்டுடியோவில் கேள்வி கேட்ட பிறகும் கொஞ்ச நேரம் சும்மா தலையாட்டிக்கொண்டு நிற்பதைப் பார்த்திருப்பீர்கள். புவிநிலை செயற்கைக்கோள் சுமார் 36,000 கி.மீ. உயரத்தில் இருக்கிறது. ஏறி இறங்கவே கால் நொடி ஆகிறது. ஆன்லைன் கேம் ஆடுபவர்கள் ‘பிங் அதிகமா இருக்கு’ என்று புலம்புவதிலும் ஒரு பகுதி இந்தத் தூரத்தின் கணக்குதான். செவ்வாய்க்கோ 3 நிமிடத்திலிருந்து 22 நிமிடம் வரை ஆகும்.

எந்த நெட்வொர்க் நிறுவனமும் இதைச் சரிசெய்ய முடியாது. வெற்றிடத்தில் ஒளியின் வேகம் நொடிக்கு சுமார் 3 லட்சம் கி.மீ. ஐன்ஸ்டைன் 1905-இல் சொன்ன சிறப்புச் சார்பியல் கோட்பாட்டின்படி, எந்தச் செய்தியும் அந்த வேகத்தைத் தாண்ட முடியாது.

ஏன் தாண்டக் கூடாது?

‘உடனே’ என்றால் ‘அதே நேரத்தில்’. சிக்கலே இந்த ‘அதே நேரம்’ என்பதில்தான். அது யாருடைய நேரம்?

சேலத்திலும் நாமக்கல்லிலும் தரையில் நிற்பவர்களின் கடிகாரப்படி, மிகச் சரியாக ஒரே நேரத்தில் இரண்டு விளக்குகள் எரிகின்றன என்று வைத்துக்கொள்வோம். அப்போது சேலம்–கரூர் பாதையில், ராசிபுரம் தாண்டி நாமக்கல் நோக்கி மணிக்கு 100 கி.மீ. வேகத்தில் ஒரு ரயில் போகிறது. சார்பியல் கணக்குப்படி அந்த ரயிலில் இருப்பவருக்கு இரண்டும் ஒரே நேரம் இல்லை. நாமக்கல் விளக்கு கொஞ்சம் முன்னாடியே எரிந்துவிட்டது.

எவ்வளவு முன்னாடி? ஒரு நொடியை லட்சம் கோடிப் பங்காகப் பிரித்தால் அதில் சுமார் 15 பங்கு. யாருக்கும் தெரியாது, யாருக்கும் நஷ்டமும் இல்லை. ஆனால் வேகமும் தூரமும் கூடும்போது இந்த வித்தியாசம் ஆண்டுக்கணக்கில் போகும்.

ஒரு கற்பனை. 2030-இல் ஒரு விண்கலம் ஒளியின் வேகத்தில் 80 சதவீத வேகத்தோடு கிளம்புகிறது. அதில் ஓர் ஆன்சிபிள், சேலத்தில் ஓர் ஆன்சிபிள். 2040-இல் சேலத்திலிருந்து ஒரு கேள்வி போகிறது: “நல்லா இருக்கீங்களா?” அது உடனே கலத்துக்குப் போய்விடுகிறது. அவர்கள் “நல்லா இருக்கோம்” என்று தங்கள் கணக்கில் ‘அதே நேரத்துக்கு’ பதில் அனுப்புகிறார்கள். ஆனால் கலத்தில் இருப்பவர்களின் கணக்குப்படி, அந்த நேரத்தில் சேலத்தில் நடப்பது 2033-ஆம் ஆண்டு. பதில் 2033-இலேயே வந்துவிடும். கேள்வி கேட்பதற்கு ஆறு ஆண்டுகளுக்கு முன்பே!

அப்படியென்றால் பதிலைப் பார்த்துவிட்டு, “சரி, அவங்கதான் நல்லா இருக்காங்களே” என்று கேள்வியை அனுப்பாமலே விட்டுவிட்டால்? அப்போது அந்தப் பதில் எப்படி வந்தது? காரணம் முன்னே, விளைவு பின்னே என்ற ஒழுங்கே உடைந்துபோகிறது. வேக வரம்பு என்பது உண்மையில் இந்த ஒழுங்குக்குப் போட்ட வேலி.

சென்னையில் படித்தவரின் துணிச்சல்

இந்த வேலியைத் தட்டிப் பார்த்தவர்களில் ஒருவர் சென்னையோடு தொடர்புடையவர். கேரளத்தில் பிறந்து, தாம்பரம் மெட்ராஸ் கிறிஸ்தவக் கல்லூரியில் படித்த இயற்பியலாளர் இ.சி.ஜி. சுதர்சன். 1980-களில் சென்னை கணித அறிவியல் நிறுவனத்தின் இயக்குநராகவும் இருந்தார்.

1962-இல் பிலானியுக், தேஷ்பாண்டே என்ற இரண்டு சகாக்களோடு அவர் எழுதிய கட்டுரை, ஒளியைவிட வேகமான துகள்கள் இருக்கலாமா என்று கேட்டது. ஒளியை விடக் குறைவான வேகத்தில் போகும் ஒன்றை முடுக்கி, ஒளியின் வேகத்தைத் தாண்ட வைக்க முடியாது. சரி. ஆனால் பிறக்கும்போதே அந்த வேகத்தைத் தாண்டிய துகள் ஒன்று இருந்தால்? சார்பியல் சமன்பாடுகள் அதை நேரடியாகத் தடுக்கவில்லை என்பது அவர்கள் வாதம். 1967-இல் ஜெரால்டு ஃபைன்பெர்க் இந்தத் துகளுக்கு ‘டாக்கியான்’ என்று பெயர் வைத்தார்.

இன்றுவரை எந்தச் சோதனையிலும் டாக்கியான் சிக்கவில்லை. 2011-இல் ஒருமுறை உலகமே பரபரப்பானது. சுவிட்சர்லாந்திலிருந்து சுமார் 730 கி.மீ. தள்ளி இத்தாலிக்கு அனுப்பிய நியூட்ரினோக்கள், ஒளியைவிட ஒரு நொடியின் நூறு கோடியில் 60 பங்கு முந்தி வந்ததாக ஓபெரா ஆய்வுக் குழு அறிவித்தது. சில மாதங்களில் காரணம் தெரிந்தது. முக்கியக் காரணம், ஒரு கண்ணாடி இழைக் கேபிள் சரியாக மாட்டப்படாமல் லூஸாக இருந்ததுதான். ஐன்ஸ்டைன் ஜெயித்தார்.

அப்போ குவாண்டம்?

“அதான் குவாண்டம்ல ஒரு துகளைத் தொட்டா இன்னொண்ணு உடனே மாறுதாமே?” யூடியூப் பார்ப்பவர்கள் எல்லாரும் கேட்கும் கேள்வி இது. குவாண்டம் பிணைப்பு என்பது இதுதான். இது கதை கிடையாது. இதைச் சோதித்துக் காட்டிய அலைன் ஆஸ்பெக்ட், ஜான் கிளாசர், ஆன்டன் ஸைலிங்கர் மூவருக்கும் 2022-இல் நோபல் பரிசு கிடைத்தது.

இதைப் புரிந்துகொள்ள சேலத்து வெள்ளிக் கொலுசு உதவும். ராசிபுரத்தில் ஒரு பட்டறை இருப்பதாக வைத்துக்கொள்வோம். அங்கிருந்து தினமும் ஒரு ஜோடி கொலுசில் ஒன்று சேலத்தில் இருக்கும் அக்காவுக்கும், இன்னொன்று நாமக்கல்லில் இருக்கும் தம்பிக்கும் மூடிய பெட்டியில் போகிறது. அக்கா திறந்து மாங்காய் டிசைன் என்று பார்த்தால், தம்பியுடையதும் மாங்காய் டிசைன்தான் என்று உடனே தெரிந்துவிடும். இதில் மாயம் ஒன்றும் இல்லை. பட்டறையில் செய்யும்போதே இரண்டும் ஒரே மாதிரி செய்யப்பட்டன. குவாண்டம் துகள்களும் இப்படித்தான் முன்கூட்டியே ‘பேசிவைத்துக்கொண்டு’ வருகின்றனவா? 1935-இல் ஐன்ஸ்டைனும் அவரது சகாக்களும் எழுதிய கட்டுரை அந்தப் பக்கம்தான் சாய்ந்தது.

1964-இல் ஜான் பெல் என்ற இயற்பியலாளர், இதைச் சோதித்தே முடிவு செய்யலாம் என்று காட்டினார். அவர் வழியை நம் கொலுசில் போட்டுப் பார்ப்போம். ஒவ்வொரு கொலுசிடமும் மூன்று கேள்விகளில் ஒன்றை மட்டும் கேட்கலாம்: மணி இருக்கா? மாங்காய் டிசைனா? திருகு வெச்சதா? பதில் ஆமா அல்லது இல்லை. ஒரு கேள்வி கேட்டதும் கொலுசு உருகிப்போகும்.

அக்காவும் தம்பியும் ஒரே கேள்வியைக் கேட்டால் எப்போதும் ஒரே பதில் வருகிறது. அப்படியென்றால் மூன்று கேள்விக்கும் பதில் பட்டறையிலேயே எழுதிவைக்கப்பட்டிருக்க வேண்டும் என்று நினைப்போம். சரி, இருவரும் வெவ்வேறு கேள்வி கேட்டால்? பதில்கள் மூன்று, ஆனால் வகை இரண்டுதான்: ஆமா, இல்லை. ஆகவே மூன்றில் இரண்டாவது ஒரே பதிலாக இருந்தே தீரும். அதனால் வெவ்வேறு கேள்வி கேட்கும்போது, சராசரியாகக் குறைந்தது மூன்றுக்கு ஒரு தடவையாவது பதில் பொருந்த வேண்டும். பட்டறைக்காரர் எவ்வளவு கெட்டிக்காரராக இருந்தாலும் இந்தக் கணக்கைத் தாண்ட முடியாது.

பிணைக்கப்பட்ட ஒளித்துகள்களிடம், மூன்று கோணங்களை மூன்று கேள்விகளாக வைத்துக் கேட்டால், குவாண்டம் இயற்பியல் சொல்லும் விடை நான்குக்கு ஒரு தடவை. மூன்றில் ஒன்றைவிடக் குறைவு! ஆய்வகங்களில் பெல்லின் கணக்கை வேறு வேறு வடிவங்களில் சோதித்தார்கள். 1972-இல் தொடங்கி, ஓட்டைகளையெல்லாம் அடைத்துச் செய்த 2015 சோதனைகள் வரை குவாண்டம் பக்கமே தீர்ப்பு வந்தது. பதில்கள் ஒவ்வொரு துகளிலும் முன்கூட்டியே எழுதப்பட்டு, ஒன்றையொன்று பாதிக்காமல் இருக்கின்றன என்ற எளிய படம் உடைந்தது.

இந்தப் பிணைப்பு தூரத்தையும் பொருட்படுத்துவதில்லை. 2017-இல் சீனாவின் மிசியஸ் செயற்கைக்கோள், 1,200 கி.மீ. இடைவெளியில் இருந்த இரண்டு நிலையங்களுக்குப் பிணைந்த ஒளித்துகள்களை அனுப்பிக் காட்டியது.

பிணைப்பு உண்டு, செய்தி இல்லை

இதை வைத்து ஆன்சிபிள் செய்யலாமே? அக்கா ஒரு கேள்வியைக் கேட்டதும் தம்பியின் கொலுசு ‘உடனே’ மாறுகிறது என்றால், அதையே தந்தி மாதிரி பயன்படுத்தலாமே?

முடியாது. தம்பியின் பக்கத்திலிருந்து பாருங்கள். அவருக்குப் பாதித் தடவை ‘ஆமா’, பாதித் தடவை ‘இல்லை’ வருகிறது. காசு சுண்டுவது மாதிரி. சேலத்தில் அக்கா எந்தக் கேள்வி கேட்டாலும், கேட்காமலே விட்டாலும், தம்பியின் பட்டியலில் ஒரு மாற்றமும் தெரியாது. ‘ஆமா’ வர வேண்டும் என்று அக்காவால் வற்புறுத்தவும் முடியாது.

பொருத்தம் தெரிய வேண்டுமென்றால், கடைசியில் தம்பி போனை எடுக்க வேண்டும்: “அக்கா, எனக்கு ஏழாவதுல ‘இல்லை’ன்னு வந்துருக்கு. உனக்கு என்னக்கா?” அந்த போன் கால் ஒளியின் வேகத்தைத் தாண்டாது. மாயம் நடப்பதாகச் சொல்லும் இடத்தில் செய்தி இல்லை. செய்தி இருக்கும் இடத்தில் மாயம் இல்லை.

இதையும் ஒருவர் உடைக்கப் பார்த்தார். அமெரிக்க இயற்பியலாளர் நிக் ஹெர்பர்ட், 1980-களின் தொடக்கத்தில் ‘ஃப்ளாஷ்’ என்ற பெயரில் ஒரு திட்டம் எழுதினார். அதன் சாரம் இது: தம்பி தன் துகளை ஜெராக்ஸ் எடுத்துவிடட்டும். நிறையப் பிரதிகள் கையில் இருந்தால், மூன்று கேள்விகளையும் கேட்டுப் பார்க்கலாம். எந்தக் கேள்விக்கு எல்லாப் பிரதிகளும் ஒரே பதில் சொல்கின்றனவோ, அதுதான் அக்கா கேட்ட கேள்வி. செய்தி வந்துவிட்டது!

கட்டுரையைப் பரிசீலித்தவர்களில் ஒருவரான ஆஷர் பெரஸ், இது தவறு என்று தெரிந்தேதான் வெளியிடச் சொன்னார். தவறு எங்கே என்று தேடும்போது புதிதாக ஏதாவது கிடைக்கும் என்பது அவர் கணிப்பு. அதுவே நடந்தது. 1982-இல் வூட்டர்ஸும் ஸூரெக்கும் ஒரு பக்கம், டீக்ஸ் இன்னொரு பக்கம், முன்பின் தெரியாத ஒரு குவாண்டம் நிலையை அப்படியே பிரதி எடுக்க முடியாது என்று நிறுவினார்கள். இயற்கையிடம் ஜெராக்ஸ் மெஷின் இல்லை. ஆன்சிபிளின் கதவு அங்கே மூடியது.

மூடிய கதவே பூட்டானது

பிரதி எடுக்க முடியாது என்றால், திருட்டுத்தனமாக ஒட்டுக்கேட்கவும் முடியாது. யாராவது நடுவில் தொட்டால் துகளின் நிலை கலைந்துவிடும், இரு முனைகளிலும் அது தெரிந்துவிடும். இந்த யோசனையில் பிறந்ததுதான் குவாண்டம் சாவிப் பகிர்வு. ரகசியச் செய்தியைத் திறக்கும் ‘சாவி’யை இரண்டு பேர் பாதுகாப்பாகப் பகிர்ந்துகொள்ளும் முறை. சார்லஸ் பென்னட்டும் ஜில் பிராசார்டும் இதன் முதல் வழிமுறையை 1984-இல் ஒரு மாநாட்டில் முன்வைத்தார்கள். அந்த மாநாடு நடந்த ஊர் பெங்களூரு.

பிணைந்த துகள்களையே பயன்படுத்தும் முறையை 1991-இல் ஆர்தர் எகெர்ட் சொன்னார். இதிலும் இருவரும் சாதாரண போன், இணைய வழியில் பேசி ஒப்பிட்டுத்தான் சாவி உருவாகும். ஆக, வேகம் கூடாது. கூடுவது நம்பகம்.

இந்தியாவில் இது எந்த அளவில் இருக்கிறது?

2021 மார்ச்சில் இஸ்ரோ, கேபிள் இல்லாமல் திறந்தவெளியில் 300 மீட்டர் தூரத்துக்குக் குவாண்டம் சாவிப் பகிர்வைச் செய்து காட்டியது. 2022-இல் டி.ஆர்.டி.ஓ.வும் ஐஐடி டெல்லியும் பிரயாக்ராஜ்–விந்தியாசல் இடையே 100 கி.மீ.க்கு மேல், ஏற்கெனவே இருந்த கண்ணாடி இழைக் கேபிளிலேயே செய்தன. 2025-இல் அதே கூட்டணி, பிணைந்த துகள்களை வைத்து ஒரு கி.மீ.க்கு மேல் திறந்தவெளியில் செய்து காட்டியது.

2023 ஏப்ரலில் மத்திய அமைச்சரவை ஒப்புதல் தந்த தேசிய குவாண்டம் திட்டத்தின் மதிப்பு ரூ.6,003.65 கோடி. 2,000 கி.மீ. தூரத்துக்குச் செயற்கைக்கோள் வழியாகப் பாதுகாப்பான தொடர்பு என்பது அதன் இலக்குகளில் ஒன்று. குவாண்டம் தொடர்பியலுக்கான மையம், சி-டாட் நிறுவனத்தோடு சேர்ந்து சென்னை ஐஐடியில் அமைகிறது.

நமக்கு இதனால் என்ன?

இன்று நீங்கள் டீக்கடையில் யுபிஐ ஸ்கேன் செய்யும்போது இந்தத் தொழில்நுட்பம் வேலை செய்யவில்லை. அதைக் காப்பது கணிதப் புதிர்கள். வலுவான குவாண்டம் கணினி வந்தால், அவற்றில் சில உடையும். அதனால்தான் அதைத் தாங்கும் புதிய கணிதப் பூட்டுகளையும் உலகம் தயார் செய்கிறது. அமெரிக்காவின் தர நிர்ணய நிறுவனம் 2024 ஆகஸ்டில் முதல் மூன்று தரநிலைகளை வெளியிட்டது. ஐடி துறையில் இருப்பவர்களுக்கு அடுத்த சில ஆண்டுகளில் இதில் நிறைய வேலை இருக்கும்.

இங்கேதான் ஷெவெக்கின் கேள்வி திரும்பி வருகிறது: இது யார் கையில்? ஒட்டுக்கேட்கவே முடியாத இணைப்பு அரசுக்கும் பெரிய வங்கிக்கும் மட்டும்தானா, இல்லை ஒரு மாவட்ட ஆஸ்பத்திரியின் நோயாளிப் பதிவுகளுக்கும் சேருமா? இயற்பியல் இதற்குப் பதில் சொல்லாது. பட்ஜெட்டும் கொள்கையும்தான் சொல்லும்.

இன்னொரு எச்சரிக்கையும் உண்டு. ஆன்லைனில் ‘குவாண்டம் எனர்ஜி’ என்ற பெயரில் பதக்கமும் காப்பும் விற்கிறார்கள். ‘பிணைப்பு’ வழியாக வெளிநாட்டில் இருந்தபடியே நோயைக் குணமாக்குவதாகச் சொல்பவர்களும் இருக்கிறார்கள். ஆய்வகத்தில் பிணைந்த துகள்களைக் கலையாமல் காப்பாற்றவே விஞ்ஞானிகள் படாதபாடு படுகிறார்கள். அப்படிக் காப்பாற்றினாலும் அதில் ஒரு ‘ஹலோ’ கூட அனுப்ப முடியாது. அப்படியிருக்க, அதில் மருந்து எப்படிப் போகும்? யாராவது அப்படிப் பணம் கேட்டால், கொலுசுக் கதையைச் சொல்லிவிட்டு நகர்ந்துவிடலாம்.

தாமதத்தோடு வாழ்வது

சந்திரயான்-2-இன் லேண்டர் 2019 செப்டம்பரில் இறங்கும்போது தொடர்பு அறுந்தது. இங்கிருந்து யாரும் கைநீட்டித் தூக்கிவிட முடியவில்லை. நான்கு ஆண்டுகள் கழித்து வெற்றி வந்தபோதும் அந்த 1.3 நொடி அப்படியேதான் இருந்தது. இஸ்ரோ தாமதத்தைக் குறைக்கவில்லை. தாமதம் இருக்கும் என்று தெரிந்து, லேண்டரை முன்னைவிட நன்றாகத் தயார் செய்தது.

நிலவில் முடிவெடுக்கும் நொடியில் பக்கத்தில் யாரும் இருக்க மாட்டார்கள் என்பதால்தான், பரமத்தி வேலூர் பக்கத்துப் பாறை பொடியாகி பெங்களூருக்கு லாரி ஏறியது. உடனடி இணைப்பு ஒன்று இருந்திருந்தால், அந்த மண்ணுக்கு இவ்வளவு வேலை இருந்திருக்காது.